டிராகனாக மாறியவன் கண்ணுக்கு யார் தெரிகிறார்கள்?

பழங்கதைகளில் பாம்பாக மாறுவது தண்டனை. இன்றைய கணினி விளையாட்டுகளில் டிராகனாக மாறுவது பரிசு. இந்த மாற்றத்தில் நாம் எதை இழந்தோம் என்பதைப் பற்றிச் சில கருத்துகளை இங்கே முன்வைக்க விரும்புகிறேன். விளையாட்டைப் பற்றி எழுதுவதும் ஓர் ஆய்வா என்று கேட்கும் பேராசிரியர்களும் இதைப் படிக்கக்கூடும் என்பதால், அவர்கள் நன்கு அறிந்த இடத்திலிருந்தே தொடங்குகிறேன்.

மகாபாரதத்து நகுஷன் மனிதனாகப் பிறந்து இந்திரனின் இருக்கையில் அமர்ந்தவன். முனிவர்கள் சுமந்த பல்லக்கில் ஏறிச் சென்றான். சுமந்தவர்களுள் ஒருவரான அகத்தியரைக் காலால் தீண்டினான். அவருடைய சாபத்தால் மலைப்பாம்பாகிக் காட்டில் விழுந்தான். வட ஐரோப்பியப் பழங்கதையில் ஃபாஃப்னிர் பொன்னுக்காகத் தன் தந்தையைக் கொன்றான். அந்தப் பொன்னைக் காத்துக் கிடந்தே டிராகனானான். டிராகன் என்ற சொல்லின் கிரேக்க மூலமும் பெரும்பாம்பையே குறித்தது. இவ்விரு கதைகளுக்கும் இடையே கொடுக்கல் வாங்கல் தேட வேண்டியதில்லை. இரண்டிலும் மனம் முதலில் மாறுகிறது, உடல் அதைப் பின்தொடர்கிறது என்பதே கவனிக்கத் தக்கது. செதில் முளைப்பது காரணமன்று, விளைவு.

பாத்திரமேற்று ஆடும் கணினி விளையாட்டுகளில் இந்த வரிசை தலைகீழாகிறது. ஆடுபவர் எதிரிகளை வெல்கிறார், படிப்படியாக உயர்கிறார், ஒரு கட்டத்தில் டிராகனாகும் ஆற்றல் அவருக்கு வழங்கப்படுகிறது. ஒரு பொத்தானை அழுத்தினால் சிறகு விரிகிறது. மறுபடி அழுத்தினால் மனிதன் திரும்பிவிடுகிறான். மனம் மாற வேண்டிய தேவை எங்கும் எழுவதில்லை.

இந்தக் கேள்வி எனக்கு முக்கியமாகப் படுவதற்கு நான் வாழும் ஊரும் ஒரு காரணம். கழக்கூட்டத்தில் ஒரு பக்கம் 1990இல் நிறுவப்பட்ட டெக்னோபார்க். அதன் அருகிலேயே கேரளப் பல்கலைக்கழகத்தின் காரியவட்டம் வளாகம். மென்பொருள் எழுதுபவர்களும் ஓலைச்சுவடி படிப்பவர்களும் ஒரே சாலையில் நடக்கிறார்கள், ஒரே கடையில் தேநீர் குடிக்கிறார்கள். இரு தரப்பினரும் இரவில் ஒரே விளையாட்டை ஆடவும் கூடும். ஆனால் அதைப் பற்றி ஒருவரோடொருவர் பேசுவதற்கான மொழி நம்மிடம் இல்லை. நம் துறைகளில் விளையாட்டைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் அதில் எந்தப் புராணம் வந்தது, எந்தக் கோபுரம் தெரிந்தது என்று பட்டியலிடுவதோடு நின்றுவிடுகிறோம். இயன் போகாஸ்ட் 2007இல் வெளியிட்ட நூலில், கணினி விளையாட்டு தன் விதிகளின் வழியாகவே வாதிடுகிறது என்று எடுத்துக்காட்டினார். அந்த நோக்கில் பார்த்தால், டிராகனின் ஓவியத்தைவிட டிராகனாக இருக்கையில் எதைச் செய்ய முடியும், எதைச் செய்ய முடியாது என்பதே நாம் வாசிக்க வேண்டிய பனுவல்.

மூன்று சான்றுகளைப் பார்ப்போம்.

முதலாவது, பெல்ஜியத்தின் லாரியன் நிறுவனம் 2009இல் வெளியிட்ட ‘டிவினிட்டி 2: ஈகோ டிராகோனிஸ்’. கதையின் கரு அருமையானது. ஆடுபவர் டிராகன்களை வேட்டையாடும் குழுவில் பயிற்சி முடித்தவர். இறக்கும் தறுவாயில் இருக்கும் டாலனா என்னும் டிராகன் வீராங்கனை தன் ஆற்றலை அவருக்குக் கொடுத்துவிட்டுப் போகிறாள். வேட்டையாடியவன் வேட்டைப் பொருளாகிறான். நாடகத்துக்கு இதைவிட நல்ல தொடக்கம் வேண்டுமா? ஆனால் விதி வேறொன்றைச் சொல்கிறது. டிராகனாகி மேலே எழும்பியதும், சற்றுமுன் தரையில் நின்ற எதிரிகள் காட்சியிலிருந்து மறைந்துவிடுகிறார்கள். வானில் பறப்பவையும் கோட்டைகளின் எறிபடைகளுமே எஞ்சுகின்றன. கீழே இறங்கி மனித உருவம் கொண்டால் தரையில் மீண்டும் ஆட்கள் நிற்கிறார்கள். வெளிவந்தபோதே பலர் இதைக் குறையாகச் சுட்டினார்கள். தொழில்நுட்பக் காரணம் எதுவாயினும், விதி பேசுவது பேசுவதுதான்: உயரே சென்றவனுக்கு மண்ணில் இருப்பவர்கள் இல்லை.

நகுஷனின் பல்லக்கும் இதைத்தான் செய்தது. பரவலாக வழங்கும் கதையில் அவன் ‘சர்ப்ப, சர்ப்ப’ என்று விரட்டுகிறான். வடமொழியில் அச்சொல் விரைந்து நகர் என்றும் பொருள்படும், பாம்பு என்றும் பொருள்படும். மேலே அமர்ந்தவனுக்குச் சுமப்பவர் முனிவராகத் தெரியவில்லை. வேகமாகவோ மெதுவாகவோ நகரும் தோளாகத்தான் தெரிந்தார். கதை அந்தப் பார்வைக் குறைபாட்டுக்குப் பெயர் சூட்டி, அதற்கேற்ற உடலையும் கொடுத்தது. விளையாட்டோ அதே பார்வையைச் சலுகையாக வழங்கிவிட்டுக் கடந்துபோகிறது.

இரண்டாவது, 2011இல் வெளிவந்த ‘ஸ்கைரிம்’. அதன் நாயகனுக்கு டிராகனின் ஆன்மா உண்டு, டிராகனின் மொழியும் உண்டு. ஆயினும் முழு டிராகனாக மாறும் வழி மூல விளையாட்டில் இல்லை. அதனால் ரசிகர்களே நிரல் எழுதி அந்த வழியைச் சேர்த்துக்கொண்டார்கள். ஆனால் அதே விளையாட்டில் ஓநாய் மனிதனாக மாறும் வழி உண்டு, அது கூர்ந்து நோக்கத் தக்கது. ஓநாயானவன் தன் பையைத் திறக்க முடியாது. வரைபடத்தைப் பார்க்க முடியாது. ஆயுதமும் கவசமும் கழன்றுவிடும். ஊரார் அஞ்சி ஓடுவார்கள், அல்லது தாக்க வருவார்கள். மனித உருவில் இருக்கும்போதும், நன்றாக உறங்கி எழுந்தவருக்குக் கிடைக்கும் பயன் அந்த இரத்தத்தை ஏற்றவனுக்குக் கிடைக்காது. கடைசி விதியை எழுதியவர் கதை தெரிந்தவர் என்றே சொல்வேன். வேறோர் உயிரை உள்ளே வைத்திருப்பவனுக்கு நிம்மதியான தூக்கம் ஏது?

மூன்றாவது, 1987இல் முதலில் வெளிவந்து இன்றும் திருத்தப்பட்டுவரும் ‘நெட்ஹேக்’. இதன் இயல்பான வடிவத்தில் ஓவியமே கிடையாது. டிராகன் என்பது திரையில் ஓர் ஆங்கில எழுத்து. ஆனால் உருமாற்றம் இங்கே முழுமையானது. டிராகன் செதிலால் ஆன கவசத்தை அணிந்திருக்கையில் உருமாறினால், அந்தக் கவசம் உடலோடு ஒன்றி, ஆடுபவர் அவ்வகை டிராகனாகவே ஆகிறார். சாதாரணக் கவசமாயின் பருத்த உடல் அதைக் கிழித்தெறிந்துவிடும். டிராகனுக்குக் கைகள் இல்லை. ஆகவே வாள் நழுவிவிடும். இன்னொன்றும் உண்டு. ஆடுபவரின் பாத்திரம் பெண்ணாக இருந்தால், டிராகனாக இருக்கையில் அமர்ந்து முட்டையிடலாம். அந்த முட்டை பொரிந்து வரும் குஞ்சு அவரைத் தாக்காது, பழகிய உயிராகவே வெளிவரும். ஓர் எழுத்துக்குள் உடலையும் இழப்பையும் தாய்மையையும் அடக்க முடிந்திருக்கிறது. பல கோடி செலவழித்துத் தீட்டிய சிறகுகளால் அது முடியவில்லை என்றால், குறை ஓவியரிடத்தில் இல்லை.

இதற்கு ஒரு மறுப்பு உண்டு, அது நேர்மையான மறுப்பு. நாளெல்லாம் உழைத்துவிட்டு வருபவரும் தேர்வு முடித்த மாணவரும் அரைமணி நேரம் பறக்க ஆசைப்படுகிறார்கள். அவர்கள்மேல் எதற்குச் சாபத்தையும் தவத்தையும் சுமத்துகிறீர்கள் என்று கேட்கலாம். பறக்கும் ஆசையை நான் குறைத்து மதிப்பிடவில்லை. ஆனால் எல்லாவற்றையும் வைத்துக்கொண்டு கூடுதலாகச் சிறகும் பெறுவது உருமாற்றம் ஆகாது; அது புதிய வாகனம் வாங்குவதற்கு ஒப்பானது. கை போனால்தான் சிறகு சிறகாக உணரப்படும். மேலே சொன்ன மூன்றில் பின்னிரண்டும் இழப்பை விதியாக்கியவை. அதனால் ஆடுபவரின் இன்பம் குறையவில்லை. அந்த உடலுக்குள் இருக்கும் உணர்வு அங்கேதான் பிறக்கிறது.

நம் மரபு இதை நன்றாக அறிந்திருந்தது. கூடுவிட்டுக் கூடு பாய்தல் என்றவுடன் நினைவுக்கு வருபவர் திருமூலர். பெரியபுராணம் சொல்லும் வரலாற்றில், சாத்தனூரில் மூலன் என்னும் இடையன் இறந்துகிடக்க, பசுக்கள் அவனைச் சுற்றி நின்று கதறுகின்றன. அத்துயரைத் தீர்க்கவே சிவயோகியார் அவ்வுடலில் புகுகிறார். மாலையில் பசுக்கள் வீடு திரும்புகின்றன, அவரும் பின்செல்கிறார். அங்கே மூலனின் மனைவி நிற்கிறாள். அவளோடு தமக்குத் தொடர்பில்லை என்று அவர் சொல்ல வேண்டியிருக்கிறது. தம் பழைய உடலைத் தேடிப்போனால் அது இல்லை. உருமாற்றத்தின் காரணம் இரக்கம். அதன் விளைவோ, இன்னொருவனின் உறவுகள் அனைத்தும் வாசலில் வந்து நிற்பது. ஓர் உடலை எடுத்தால் அந்த உடலை நம்பியிருந்தவர்களையும் எதிர்கொண்டாக வேண்டும்.

கேரளத்தின் சர்ப்பம் துள்ளலையும் இங்கே நினைவுகூரலாம், ஓர் எச்சரிக்கையோடு. நாகமும் டிராகனும் ஒன்றல்ல. டிராகன் வீரனால் கொல்லப்பட வேண்டியது. நாகம் காவில் காக்கப்பட வேண்டியது. சடங்கும் விளையாட்டும் ஒன்றல்ல என்பதையும் சொல்லியாக வேண்டும். ஆயினும் ஒப்பிட ஒரு கூறு உண்டு. புள்ளுவர்கள் வண்ணப் பொடிகளால் நாகக்களம் எழுதுகிறார்கள். வீணையும் குடமும் ஒலிக்கப் பாடுகிறார்கள். நோன்பிருந்த பெண்கள் கமுகம்பூக்குலை ஏந்திக் களத்தில் அமர்கிறார்கள். நாகம் ஏறியதும் அவர்கள் ஆடி, ஊர்ந்து, அந்த ஓவியத்தையே தம் உடலால் அழித்துவிடுகிறார்கள். உருவம் பெறுவதற்கு முன் நோன்பு. பெற்றபின் எதிரே காத்திருக்கும் குடும்பம். முடிவில் அழிந்த களம். இங்கே நாகமாவது ஒருவரின் தனி வெற்றியாக ஒருபோதும் இருப்பதில்லை.

ஆகவே ஆய்வு மாணவர்களுக்கு என் பரிந்துரை எளியது. விளையாட்டில் உருமாற்றம் வரும்போதெல்லாம் நான்கு கேள்விகளைக் கேளுங்கள். எதைக் கொடுத்து இந்த உருவம் பெறப்படுகிறது? பெற்றபின் எது இயலாமல் போகிறது? பிறர் அவனை எப்படி எதிர்கொள்கிறார்கள்? திரும்பி வந்தபின் எது எஞ்சுகிறது? இந்த நான்குக்கும் விடையில்லாத விளையாட்டில் எத்தனை புராணப் பெயர்கள் இருந்தாலும் புராணம் இல்லை.

விளையாட்டு உருவாக்குபவர்களிடமும் ஒரு வேண்டுகோள். இந்தியத் தொன்மங்களை வைத்து விளையாட்டு செய்யும் ஆர்வம் பெருகிவரும் இவ்வேளையில், சர்ப்பக்காவைப் பின்னணித் திரையாகவும் நாகத்தை நெருப்பு உமிழும் ஊர்தியாகவும் ஆக்கிவிடுவது எளிது. அதற்கு முன் வனபருவத்தை ஒருமுறை படியுங்கள். மலைப்பாம்பான நகுஷன் பீமனையே சுற்றி வளைக்கிறான். அவ்வளவு வலிமை அவனுக்கு உண்டு. ஆனால் பீமனை விழுங்குவதால் அவன் விடுதலை அடைவதில்லை. தன் கேள்விகளுக்குத் தக்க விடை சொல்லும் ஒருவனுக்காக அவன் காத்திருக்கிறான். தருமன் வருகிறான். அந்தணன் யார் என்ற கேள்விக்கு, பிறப்பால் அன்று, ஒழுக்கத்தால் என்ற விடை வருகிறது. அதைக் கேட்டபின்னரே பாம்புடல் நீங்குகிறது. பிறரை மிதித்தவன் பிறர் சொல்லைக் கேட்டு மீள்கிறான்.

இதை விதிகளாக எழுதிப் பாருங்கள். மிகப் பெரிய உடலும் எவராலும் வெல்லமுடியாத பிடியும் ஆடுபவருக்கு உண்டு. ஆனால் கையில் அகப்பட்டவனை விட்டுவிட்டு, அவனுடைய அண்ணன் பேசுவதைக் கேட்டால்தான் அடுத்த கட்டம் திறக்கும். நகுஷனைச் சபித்த அகத்தியரின் பெயரால் வழங்கும் அகத்தியர்கூடம் 1868 மீட்டர் உயரத்தில் இதே திருவனந்தபுரம் மாவட்டத்தின் கிழக்கெல்லையில் நிற்கிறது. அந்தக் கதையை அறிந்தவர்களும் நிரல் எழுத அறிந்தவர்களும் ஒரே சாலையில் இருக்கும் கழக்கூட்டத்தில் இப்படியொரு விளையாட்டு உருவாகாவிட்டால், வேறெங்கே உருவாகும்? டெக்னோபார்க் நண்பர்கள் யாரேனும் இதைப் படித்தால் காரியவட்டம் வளாகத்துக்கு வாருங்கள். தேநீர் என் செலவு.