செக் வழக்கு: சமரசம் யாருக்கு?



"செக் கேஸ் போட்டுட்டாங்க. கேக்கிற பணத்தைக் கட்டினா வாபஸ் வாங்கிடுவாங்களாம்." சான் ரமோனில் இருக்கும் நம்மில் பலருக்கு ஊரிலிருந்து இப்படி ஒரு போன் வந்திருக்கும். கட்டித் தொலைப்போம் என்றுதான் முதலில் தோன்றும். அதற்கு முன் கொஞ்சம் பேசுவோம்.

மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138ஆவது பிரிவு 1989 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தது. இரண்டு ஆண்டு வரை சிறை, அல்லது செக் தொகையில் இரண்டு மடங்கு வரை அபராதம், அல்லது இரண்டும். 2019 முடிவில் இந்தியா முழுக்க நிலுவையில் இருந்த செக் வழக்குகள் 35.16 லட்சம். கோர்ட்டே சமரசத்தை ஊக்குவிப்பதில் ஆச்சரியமில்லை. தாமதமாகச் சமரசத்துக்கு வருபவர் செக் தொகையில் 10 முதல் 20 சதவீதம் வரை சட்டப்பணிகள் ஆணையத்துக்குக் கட்ட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2010இல் சொன்னது. 2025 செப்டம்பரில் அதை 5 முதல் 10 சதவீதமாகக் குறைத்தது. எதிர்தரப்புச் சாட்சியம் பதிவாவதற்கு முன்பே பணத்தைக் கட்டினால் ஒன்றுமில்லை. இதை வரவேற்கிறோம்.

ஆனால் சமரசம் என்றால் இரண்டு பேரும் சமமாக உட்கார வேண்டும். பைனான்ஸ்காரர் கையில் இருப்பது, கடன் கொடுக்கும்போதே கையெழுத்து மட்டும் வாங்கி வைத்த காலி செக். விரும்பிக் கொடுத்த காலி செக்கை வேறொருவர் நிரப்பினாலும் கடன் இருப்பதாகவே கோர்ட் அனுமானிக்கும் என்கிறது 2019ஆம் ஆண்டுத் தீர்ப்பு. இல்லையென்று காட்டுவது கடனாளியின் பாடு. நாம் வாழும் கலிபோர்னியாவில், ஏமாற்றும் நோக்கத்தோடு செக் கொடுத்தார் என்று அரசுத் தரப்பு நிரூபித்தால்தான் அது குற்றம். அங்கேயோ நோட்டீஸ் கிடைத்து 15 நாளில் பணம் தரமுடியாமல் போனாலே வழக்கு. ஜெயிலைக் காட்டி வாங்கும் பணத்துக்குச் சமரசம் என்று பெயர் வைக்க எனக்கு மனமில்லை.

அதற்காகப் பிரிவையே தூக்கிவிடலாமா? கூடாது. பெரிய கம்பெனி கொடுத்த செக் திரும்பிவந்து, ஆட்களுக்குச் சம்பளம் போடமுடியாமல் நிற்கும் திருப்பூர் ஜாப் ஒர்க் யூனிட்டுக்கும் இதே பிரிவுதான் துணை. நம் கோரிக்கை வேறு: வட்டித் தொழில் செய்பவர் ஈடாக வாங்கும் காலி செக்குக்கு இந்த அனுமானம் பொருந்தக் கூடாது. சமரசத்துக்கு முன் அசல் எவ்வளவு, கட்டியது எவ்வளவு, வட்டி எவ்வளவு என்று மாஜிஸ்திரேட் கணக்குக் கேட்க வேண்டும். தமிழ்நாட்டில் கந்துவட்டித் தடைச் சட்டம் 2003 முதல் இருக்கிறது. செக் வழக்கிலும் அது பேசட்டும்.

அதுவரை, பணம் அனுப்பும் தோழர்கள் ஊரில் சொல்லுங்கள்: கணக்கை எழுத்தில் கேளுங்கள். வெளியே கைகுலுக்கிவிட்டு வராதீர்கள். லோக் அதாலத்தில் பதிவு செய்யுங்கள், அது சிவில் டிக்ரிக்குச் சமம். தவணைக்குப் புது செக் கொடுத்தால் யோசித்துக் கொடுங்கள். சென்னை வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் 2021இல் சொன்னபடி, சமரசம் ஆனபின் பழைய வழக்கைத் தொடர முடியாது, ஆனால் புது செக் திரும்பினால் புது வழக்கு. முக்கியமாக, அவர்களிடம் மிச்சமிருக்கும் காலி செக் எல்லாவற்றையும் எண்ணித் திரும்ப வாங்குங்கள்.

தோழமையுடன்,
ஆசிரியர் குழுவுக்காக