துப்பாக்கியைத் திருப்பி வாங்கியவர்கள்

ஸ்பெயின் உள்நாட்டுப் போரைப் பற்றிய கட்சி வகுப்பு என்றால், தோளில் துப்பாக்கியுடன் நிற்கும் இளம்பெண்ணின் படம் இல்லாமல் இராது. அந்தப் பெண்ணின் கையில் அத்துப்பாக்கி எத்தனை மாதம் இருந்தது, அதை வாங்கிக்கொண்டவர் யார் என்று நாம் கேட்பதில்லை.

1936 ஜூலையில் பிராங்கோ முதலிய தளபதிகள் குடியரசுக்கு எதிராகக் கலகம் செய்தனர். மாட்ரிட், பார்சிலோனா நகரங்களில் தொழிலாளர்கள் ஆயுதம் ஏந்தியபோது பெண்களும் ஏந்தினர். கம்யூனிஸ்ட் இளைஞர் தலைவரான லீனா ஒதேனா, அதே செப்டம்பரில் கிரானாடா முனையில் எதிரியிடம் பிடிபட மறுத்துத் தம்மையே சுட்டுக்கொண்டு மடிந்தார். பதினேழு வயது ரொசாரியோ சான்செஸ் வெடிகுண்டு தயாரிப்பில் வலது கையை இழந்தார். குணமானபின் வீடு திரும்பவில்லை; போர்முனைத் தபால்களைச் சுமக்கச் சென்றார்.

இத்தகையோரைப் பாசிஸ்டுகள் வேசிகள் என்று ஏசியதில் வியப்பில்லை. ஆனால், பெண் வீரர்களால் படையில் பால்வினை நோய் பரவுகிறது என்ற பேச்சு குடியரசுத் தரப்பிலேயே உலவியது. நோயுற்ற ஆணின் ஒழுக்கம் பற்றி அதே அளவுக்குப் பேச்சு எழவில்லை. சில மாதங்களிலேயே ‘ஆண்கள் போர்முனைக்கு, பெண்கள் வேலைத்தலத்திற்கு’ என்பது முழக்கமாயிற்று. சோசலிஸ்டுகளும் கம்யூனிஸ்டுகளும் அராஜகவாதிகளும், வேறெதிலும் ஒன்றுபடாதவர்கள், இதில் ஒன்றுபட்டனர். நாம் போற்றும் தோழர் தோலோரஸ் இபாருரியும் இந்நிலையையே ஆதரித்தார். 1937இன் தொடக்கத்திற்குள் மிகச் சிலர் தவிர ஏனையோர் முனையிலிருந்து விலக்கப்பட்டனர்.

சிதறிய தொண்டர் குழுக்களை ஒழுங்குமிக்க படையாக்குவது அன்று தேவையாக இருந்தது. அதை மறுப்பவர் போரை அறியாதவர். ஆலைகளுக்கும் ஆள் தேவைப்பட்டது. அங்கு உழைத்த பெண்களின் பங்கு சிறிதன்று. ஆனால் குறிபார்த்துச் சுடத் தெரிந்தவர் யார், தெரியாதவர் யார் என்று பிரித்தா அனுப்பினார்கள்? பெண் என்பதற்காக அனுப்பினார்கள். அதற்குப் ‘போர்க்கால அவசியம்’ என்று பெயர் சூட்டுவது தத்துவமன்று, சாக்குப்போக்கு.

மாற்றுவழி இருந்தது. நமக்கு அரசியல் உடன்பாடில்லாத பௌம் கட்சியின் படைப்பிரிவொன்றுக்குத் தலைமை தாங்கியவர் மீக்கா எட்செபெஹெரே என்ற பெண். இபாருரியின் பட்டப்பெயரைத் தாங்கிய படையணியிலிருந்து இரு இளம்பெண்கள் அவரிடம் வந்து சேர்ந்தனர். அங்கே தங்களைத் தட்டு கழுவவும் துணி துவைக்கவும் மட்டுமே வைத்திருந்ததாகச் சொன்னார்கள். மீக்காவின் பிரிவில் காவலும் துடைப்பமும் இருபாலருக்கும் பொது.

இது தொலைதூரக் கதையென்று தள்ளிவிட முடியாது. தெலங்கானா ஆயுதப் போராட்டத்தில் மல்லு ஸ்வராஜ்யம் போன்றோர் படைக்குழுக்களை வழிநடத்தினர். 1951இல் போராட்டம் விலக்கிக்கொள்ளப்பட்டதும், வீட்டுக்குப் போங்கள், திருமணம் செய்துகொள்ளுங்கள் என்றே தங்களிடம் கூறப்பட்டதாகப் பெண் போராளிகள் பலர் பின்னாளில் மனம் வெதும்பிப் பதிவு செய்தனர். அவ்வாறு கூறியது நிஜாமின் ஆட்களல்லர், தோழர்கள்.

அடுத்த வகுப்பில் அந்தப் படத்தைக் காட்டும் தோழர், தட்டு கழுவ மறுத்து அணி மாறிய அவ்விரு பெண்களைப் பற்றியும் சொல்லட்டும். வகுப்பு முடிந்து தேநீர்க் குவளைகளைக் கழுவுகிறவர் யார் என்பதையும் அன்றே திரும்பிப் பார்க்கட்டும்.