ஓல்ட்பாய்: அந்தக் கடைசிச் சிரிப்பு

டிஸ்கி: முழுக் கதையும் கீழே இருக்கு. படம் பாக்காதவங்க பாத்துட்டு வந்து படிங்க. 'மகாராஜா' பாக்காதவங்களும்தான்.

பார்க் சான்-வூக் எடுத்த ஓல்ட்பாய் 2003ல் வந்த கொரியப் படம். 2004 கான் விழாவில் டரான்டினோ தலைமையிலான நடுவர் குழு இதுக்கு கிராண்ட் ப்ரீ கொடுத்துச்சு. வேடசந்தூர்ல இருக்கிற எனக்கு அது வந்து சேர்ந்தது, திண்டுக்கல் நண்பன் ஒருத்தன் கொடுத்த கீறல் விழுந்த டிவிடியில். அன்னிக்கு ராத்திரி தூக்கம் போச்சு. போன வாரம் மறுபடி பாத்தேன். மறுபடியும் போச்சு :-)

ஓ டே-சு என்பவனை யாரோ கடத்தி 15 வருஷம் ஒரே அறையில் அடைச்சு வைக்கிறாங்க. ஏன்னு தெரியாது. வெளியே வந்ததும் மி-டோங்கிற பொண்ணோட பழக்கம், காதல், எல்லாம். கடைசியில் எதிரி லீ வூ-ஜின் ஒரு ஆல்பத்தைக் காட்டுறான். மி-டோ இவனோட சொந்த மகள்! ரெண்டு பேரையும் ஹிப்னாடிசம் பண்ணி சேர்த்து வச்சதே அவன்தான். மகளுக்குத் தெரியக்கூடாதுன்னு டே-சு அவன் கால்ல விழுறான், நாய் மாதிரி குரைக்கிறான், தன் நாக்கைத் தானே வெட்டிக்கிறான்.

அப்புறம் பனி. அதே ஹிப்னாடிசக்காரம்மா வர்றாங்க. உண்மை தெரிஞ்ச டே-சு நடந்து போய்ச் செத்துடுவான், தெரியாத டே-சு மட்டும் மிஞ்சுவான்னு சொல்லிட்டுப் போறாங்க. மி-டோ வந்து கட்டிப்பிடிச்சு காதலைச் சொல்றா. அவன் சிரிக்கிறான். சிரிப்பு மெல்ல மெல்லக் கோணிக்கிட்டு அழுகை மாதிரி ஆகுது. படம் முடிஞ்சது.

அவன் மறந்தானா இல்லையா? முதல் தடவை அவ்வளவு கச்சிதமா வேலை செஞ்ச ஹிப்னாடிசம் இப்பவும் செஞ்சிருக்கும்னு நண்பன் சொல்றான். எனக்கு அவன் மறக்கலைன்னுதான் படுது. அவன் அடைபட்டிருந்த அறைச் சுவத்துல ஒரு படம் தொங்கும், ஞாபகம் இருக்கா? பல்லு சிரிக்கும், கண்ணு அழும். கடைசியில் இவன் முகம் அச்சு அசல் அதேதான். மறந்தவனுக்கு அந்த முகம் எதுக்கு?

ஆனா இந்தத் தடவை எனக்கு உறைச்சது வேற. எல்லாரும் டே-சு முகத்தையே பாத்துட்டு இருக்கோம். மி-டோவை யாரும் கேக்கலையே? ஆல்பம் இருந்த பெட்டி அவ முன்னாடியும் வந்துச்சு. திறக்காதேன்னாங்க, திறக்கல. அவ வாழ்க்கையைப் பத்தின உண்மை எதிரிக்குத் தெரியும், அப்பாவுக்குத் தெரியும், ஹிப்னாடிசக்காரம்மாவுக்குத் தெரியும். அவளுக்கு மட்டும் தெரியாது.

இந்த முடிவை மத்தவங்களால தாங்க முடியல. 2006ல் சஞ்சய் குப்தா எடுத்த இந்தி 'ஜிந்தா', அந்த உறவையே தூக்கிட்டு மகளைப் பத்திரமா ஒப்படைச்சிடுச்சு. 2013ல் ஸ்பைக் லீ எடுத்ததில் அப்பன் தானே திரும்பச் சிறைக்குப் போயிடுறான். மகளுக்கு அங்கேயும் ஒண்ணும் தெரியாது. நம்ம ஊர்ல இதுக்குக் கிட்டத்துல வந்தது நித்திலன் சாமிநாதனோட 'மகாராஜா' (2024). தான் சீரழிக்கக் காரணமா இருந்த பொண்ணு தன் மகள்னு செல்வத்துக்குத் தெரியும்போது தியேட்டரே உறைஞ்சு போச்சு. ஆனா ஜோதிக்கு? அவளுக்குத் தெரியாது. நாமளும் "நல்லவேளை"ன்னு மூச்சு விட்டோம்.

நானும்தான் விட்டேன். ஆனா எங்க சொந்தத்தில் ஒரு அக்கா இருக்காங்க. தத்து எடுத்து வளர்த்த பொண்ணு. தெருவுக்கே தெரியும், அவங்களுக்கு மட்டும் சொல்லல. எல்லாம் நல்லதுக்குத்தான்னு பெரியவங்க சொன்னாங்க. அக்காவுக்கு 27 வயசுல கல்யாணம். பந்தியில் யாரோ ஒரு கிழவி வாய் தவறி உளறிடுச்சு. ஒரு வாரம் கழிச்சு ஆத்துமேட்டு பஸ் ஸ்டாப்பில் அக்கா என்கிட்ட கேட்டது ஒரே கேள்வி: "ஏன்டா தம்பி, உனக்கும் தெரியுமா?"

தலையை மட்டும் ஆட்டினேன். பெத்தவங்க யாருங்கிறதை விட, இத்தனை பேர் தன்னை வச்சுக்கிட்டே இத்தனை வருஷம் நடிச்சதுதான் அவங்களுக்கு வலி. ஓல்ட்பாயோட ஒப்பிடுறது அதிகம்தான், தெரியும். மி-டோகிட்ட சொல்லியே ஆகணும்னு அடிச்சுச் சொல்ற தைரியமும் எனக்கு இல்ல. சொன்னா அவ உசுரோட இருப்பாளா?

ஆனா டே-சு நாக்கை வெட்டிக்கிட்டது மகளைக் காப்பாத்த மட்டும்தானா? அவ தன்னை எப்படிப் பாப்பாளோங்கிற பயமும் அதுல இருக்கு. இல்லேன்னா தான் மட்டும் மறந்துட்டு அவளோடவே வாழணும்னு ஏன் கேக்கணும்? விலகிப் போயிருக்கலாமே. அந்தச் சிரிப்பு கோணுறது இங்கதான்னு நினைக்கிறேன். நண்பன் இன்னும் ஒத்துக்கல. ஞாயித்துக்கிழமை வர்றேன்னிருக்கான், டிவிடியோட.