விழுகின்றவர் யார்?

ஞாயிறு மாலையில் மாமல்லபுரக் கடற்கரையில் நின்றால், மணலில் ஓடிவந்து அந்தரத்தில் குட்டிக்கரணம் அடிக்கும் சிறுவர்களைக் காணலாம். ஒருவன் பாய, மற்றொருவன் கைப்பேசியில் படம் பிடிக்கிறான். அவர்களுள் ஒருவனை, "யாரைப் பார்த்துக் கற்றாய், தம்பி?" என வினவினோம். கொரிய நடிகர் மா டாங் சியோக்கின் பெயரைத் தடையின்றிச் சொன்னான். நமக்குத்தான் நாக்குப் புரளவில்லை!

2016இல் வெளிவந்த 'டிரெயின் டு பூசான்' படத்தால் உலகறிந்தவர் அவர். இளமையில் அமெரிக்கா சென்று, உடற்பயிற்சி ஆசிரியராய் உழைத்து, முப்பது வயதைக் கடந்தபின் திரைக்கு வந்தார். படப்பிடிப்பில் விழுந்து முதுகெலும்பு முறிந்தும் மீண்டவர்.

இத்தகைய வாழ்க்கை தமிழ் மண்ணிலும் உண்டு என்பதை அச்சிறுவன் அறியான். காரைக்காலில் தமிழ்த் தந்தைக்கும் வியட்நாமியத் தாய்க்கும் பிறந்த பீட்டர் ஹெயின், சாதாரணச் சண்டைக் கலைஞராகத் தொடங்கி, 2001இல் 'மின்னலே' வாயிலாகச் சண்டைப் பயிற்சியாளர் ஆனார். பின்னர் 'அந்நியன்', 'எந்திரன்', 'பாகுபலி' என வளர்ந்தார். தேசியத் திரைப்பட விருதுகளில் சண்டை அமைப்புக்கென ஒரு விருது முதன்முதலாக 2017இல் வழங்கப்பட்டபோது, 'புலிமுருகன்' என்னும் மலையாளப் படத்துக்காக அதைப் பெற்றவரும் அவரே. அவ்விருதுகள் தொடங்கிய ஆண்டோ 1954! பாட்டுக்கும் ஆடைக்கும் ஒப்பனைக்கும் பரிசளித்த நாடு, எலும்பு முறிகிறவனை நினைக்க அறுபது ஆண்டுகளுக்கு மேலாயிற்று.

எல்லாரும் பீட்டர் ஹெயின் ஆவதில்லை. 2022 டிசம்பரில், நம் செங்கற்பட்டு மாவட்டத்திலேயே, வண்டலூரை அடுத்து நடந்த படப்பிடிப்பில் கயிறு அறுந்து, சண்டைக் கலைஞர் ஒருவர் விழுந்து மாண்டார். 2025 ஜூலையில் நாகை மாவட்டத்தில் கார் கவிழும் காட்சியில் மற்றொருவர் உயிர் துறந்தார். திரையில் விழுபவர் கதாநாயகர். தரையில் விழுபவர் இவர்கள்.

ஆதலால் பிள்ளை இத்தொழிலுக்குப் போக விரும்பினால், பெற்றோர் முதலில் ஊதியத்தைக் கேட்க வேண்டாம். கயிற்றையும் கருவியையும் சோதிப்பவர் யார், காப்பீடு உண்டா, படப்பிடிப்பிடத்தில் மருத்துவரும் ஆம்புலன்சும் நிற்குமா எனக் கேட்கட்டும். கேட்பது அச்சமன்று, உரிமை.

அருகே வலையைச் சீர்செய்துகொண்டிருந்த சிறுவனின் தந்தையிடமும் இதையே சொன்னோம். அவர் கை நிற்கவில்லை.

"கடலிலும் கயிறு அறும், ஐயா. ஆனால் என் கயிற்றை நானே பார்த்துக் கட்டுகிறேன். அங்கே இவன் கயிற்றை யார் கட்டுவார்?"

சிறுவன் மறுபடியும் பாய்வதற்கு ஓடிக்கொண்டிருந்தான்.