மறதி வேறு, மறதி நோய் வேறு

கோயில் வாசலில் செருப்பை எந்தப் பக்கம் விட்டோம் என்பது நினைவுக்கு வராமல், தரிசனம் முடிந்தபின் இங்குமங்குமாகத் தேடுவது அறுபதைக் கடந்த எவருக்கும் நேர்வதே. சற்று நேரத்தில், தேர்முட்டிக்கு அருகில் அல்லவா விட்டோம் என்று நினைவு திரும்பிவிடும். வெறுங்காலோடு வீடு வந்து சேர்ந்து, இன்று கோயிலுக்கே செல்லவில்லை என்று ஒருவர் உறுதியாகச் சொல்வாராயின் அது வேறு. முன்னது முதுமை, பின்னது நோய்.

இப்பகுதிக்குக் கடிதம் எழுதும் அன்பர்களுள், தமக்கு அந்நோய் வந்துவிட்டதோ என்று அஞ்சுகிறவர்களே மிகுதி. அவர்களுக்கு ஓர் ஆறுதல் சொல்லலாம். தம் மறதியைத் தாமே கவனித்துத் தேதியிட்டு எழுதத் தெரிந்தவருக்குப் பெரும்பாலும் அது வயதின் மறதியாகவே இருக்கும். நோயின் மறதியை முதலில் காண்பவர் உடனிருக்கும் துணைவியோ மகனோ மருமகளோதான். ஆகவே இக்கட்டுரையை அவர்களும் படித்தல் நன்று.

டிமென்ஷியா என்று மருத்துவர்கள் சொல்வது ஒரே நோயன்று. நினைவு, சொல், கணக்கு, திசை, முடிவெடுக்கும் ஆற்றல் ஆகியவை அன்றாட வாழ்வு தடுமாறும் அளவுக்குக் குன்றிய நிலைக்கு அது பொதுப்பெயர். அந்நிலைக்குக் காரணமான நோய்கள் பல. அவற்றுள் முதன்மையானது அல்சைமர் நோய். நூறு பேரில் அறுபது முதல் எழுபது பேருக்கு அதுவே காரணம். நம் நாட்டில் அறுபது வயதுக்கு மேற்பட்டோரில் 7.4 விழுக்காட்டினர், ஏறத்தாழ 88 லட்சம் பேர், இந்நிலையில் இருப்பதாக 2023-இல் வெளியான ஆய்வொன்று மதிப்பிட்டது. ஆண்களைவிடப் பெண்களிடையே இது கூடுதல். நம் ஊர்ப் பெரிய தேரோட்டங்கள் பலவற்றின் கூட்டத்தைச் சேர்த்தாலும் அந்த எண்ணிக்கை எட்டாது. ஆயினும் எத்தனை வீடுகளில் இதனை நோயென்று அறிந்திருக்கின்றார்கள்?

ஜெர்மனியின் ஃபிராங்க்ஃபர்ட் நகர மனநல மருத்துவமனையில் 1901-ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 51 வயதுப் பெண்மணி ஒருவர் சேர்க்கப்பட்டார். கணவர் மீது காரணமற்ற ஐயம் கொண்டதே அவரிடம் முதலில் தோன்றிய மாற்றம். பின்னர் சமையலில் தடுமாற்றம், பொருள்களை ஒளித்துவைத்தல், சொந்த வீட்டிலேயே வழி தெரியாமை என்று வளர்ந்தது. அவரைக் கவனித்தவர் அலாய்ஸ் அல்சைமர் என்னும் மருத்துவர். 1906-இல் அப்பெண்மணி மறைந்தபின் அவருடைய மூளையை உருப்பெருக்கியில் ஆராய்ந்தபோது, நரம்பணுக்களுக்கு வெளியே படிவுகளும் அணுக்களுக்கு உள்ளே நூல்சிக்கல் போன்ற முடிச்சுகளும் இருப்பதை அவர் கண்டார். அவ்வாண்டு நவம்பரில் டூபிங்கன் நகரில் கூடிய மருத்துவர்களிடம் அதனை எடுத்துரைத்தார். அவர் பெயரை இந்நோய்க்கு இட்டவர் எமில் கிரேப்பலின் என்னும் பேராசிரியர், அது 1910-இல். படிவுகள் அமிலாய்டு என்னும் புரதத்தாலும், முடிச்சுகள் டௌ என்னும் புரதத்தாலும் ஆனவை என்பது பின்னர் தெரியவந்தது. நினைவில் கொள்ளவேண்டியது இது: முதலில் வந்தது மறதியன்று, சந்தேகம்.

இப்படிவுகள் ஒரே நாளில் சேர்வன அல்ல. வெளியே அறிகுறி தெரிவதற்குப் பதினைந்து, இருபது ஆண்டுகள் முன்பே அவை சேரத் தொடங்குகின்றன. காதுகளுக்கு உட்புறமாக மூளையின் இருபுறமும் கடற்குதிரை வடிவில் ஹிப்போகேம்பஸ் என்ற சிறு பகுதி உண்டு. அன்றன்று காண்பதையும் கேட்பதையும் நினைவாகப் பதித்துவைக்கும் இடம் அதுவே. அல்சைமர் நோய் பெரும்பாலும் அதனைத்தான் முதலில் தாக்குகிறது. ஆகையால்தான் காலையில் உண்ட சிற்றுண்டி மறந்துபோகிறது. ஐம்பது ஆண்டுகளுக்கு முன் நடந்த திருமணத்தில் பந்தி பரிமாறியவர் பெயர் நினைவிருக்கிறது. ‘பழையதெல்லாம் இவ்வளவு தெளிவாகச் சொல்கிறாரே, இவருக்கா நோய்?’ என்று குடும்பத்தார் ஏமாறுவதும் இதனாலேயே.

தொடக்க நிலையில் ஒரே கேள்வி பத்து நிமிடத்துக்குள் நான்கு முறை வரும். வங்கிக் கணக்கும் பால் கணக்கும் குழம்பும். நாற்பது ஆண்டுகள் கைப்பக்குவமாய்ச் செய்த புளியோதரையில் உப்பு இரு முறை விழும். பொருளின் பெயர் வாயில் வராமல் ‘அது, அது’ என்று கை காட்டுவார்கள். இந்நிலையில் கோபித்துக்கொள்வதாலோ, ‘இப்போதுதானே சொன்னேன்’ என்று இடித்துரைப்பதாலோ பயனில்லை. பதியாத ஒன்றை நினைவூட்ட முடியாது.

நடு நிலைதான் குடும்பங்களை உடைக்கிறது. பெட்டியில் வைத்த வளையலை இடம் மாற்றி அரிசிப் பானையில் வைத்தவர் அவரே. வைத்த நினைவு பதியவில்லை. வளையலைக் காணவில்லை என்பது மட்டும் கண்முன் நிற்கும் உண்மை. அந்த இடைவெளியை மனம் தானாகவே நிரப்பிக்கொள்கிறது: ‘மருமகள் எடுத்துவிட்டாள்.’ இது பொய்யன்று, வஞ்சமும் அன்று, நோயின் கூற்று. இதை அறியாமல் எத்தனையோ இல்லங்களில் பேச்சுவார்த்தை நின்றிருக்கிறது, தனிக்குடித்தனம் போயிருக்கிறார்கள். பழி சுமத்தப்பட்டவர் வாதாடி மெய்ப்பிக்க முயல்வதைவிட, ‘வாருங்கள் அத்தை, சேர்ந்து தேடுவோம்’ என்று உடன் எழுவது பலன் தரும். மகன் அப்போது யார் பக்கம் நிற்பது என்று தவிக்க வேண்டியதில்லை, இருவருமே குற்றமற்றவர்கள்.

மாலையில் விளக்கேற்றும் வேளை நெருங்க நெருங்கச் சிலருக்குப் பரபரப்பு மிகும். சொந்த வீட்டில் அமர்ந்துகொண்டே ‘வீட்டுக்குப் போகவேண்டும்’ என்பார்கள். அவர்கள் கேட்பது பிறந்து வளர்ந்த வீட்டை. ‘இதுதான் உங்கள் வீடு’ என்று வாதிடாமல், அந்த வீட்டின் கிணற்றடியையும் கொல்லையையும் பற்றிப் பேச்சுக் கொடுத்தால் பெரும்பாலும் அமைதி திரும்பும். அந்திக்கு முன்பே அறை விளக்குகளை நன்றாக ஏற்றிவைத்தலும் உதவும். கடைசி நிலையில் நடை போகும், சொல் போகும், விழுங்குவதும் கடினமாகும். உணவைக் குழைத்து, நிமிர்த்தி உட்காரவைத்து, சிறிது சிறிதாக ஊட்டவேண்டும். புரையேறி நுரையீரலில் சளி கட்டுவதே பலருடைய இறுதிக்குக் காரணமாகிறது. முழுப் பயணமும் சிலருக்கு நான்கைந்து ஆண்டுகள், சிலருக்கு இருபது.

மற்ற வகைகளையும் சுருக்கமாகச் சொல்லிவிடுவோம். மூளையின் இரத்தக் குழாய்கள் அடைபடுவதால் வருவது ஒன்று. அல்சைமர் சரிவில் உருள்வது போல மெல்ல இறங்கும். இது படிக்கட்டில் இறங்குவது போலத் திடீர் திடீரென இறங்கி நிற்பதுண்டு. இரத்த அழுத்தமும் சர்க்கரையும் கட்டுப்படாதவர்களுக்கு இது வர வாய்ப்பு மிகுதி. மற்றொன்று லூவி என்னும் மருத்துவர் பெயரால் வழங்குவது. அதில் இல்லாத குழந்தைகளும் விலங்குகளும் அறையில் இருப்பதாகத் தெளிவாகக் காண்பார்கள். நடையில் தளர்ச்சியும் கைநடுக்கமும் சேரும். ‘ஏதோ தோஷம்’ என்று மந்திரிப்பவரிடம் அழைத்துச் செல்லும் முன் நரம்பியல் மருத்துவரிடம் காட்டுங்கள். இவர்களுக்கு மனநோய்க்கான சில மருந்துகள் கடுந்தீங்கு செய்யும். ஆகையால் நோயின் வகையைச் சரியாக அறிவது இன்றியமையாதது.

இனி, மறதி நோய் போலத் தோன்றி, ஆனால் திருத்தக்கூடியவை. நம் வாசகர்களுக்கு இப்பகுதியே மிகவும் தேவை என்பது எமது எண்ணம். முதலாவது பி12 என்னும் உயிர்ச்சத்துக் குறைவு. தாவர உணவில் இச்சத்து இல்லை; சைவ உணவினருக்குப் பால், தயிர் வழியாகக் கிடைப்பதே. வயது ஏற ஏற வயிறு அதனை ஈர்த்துக்கொள்வதும் குறையும். சர்க்கரை நோய்க்கு மெட்ஃபார்மினும், நெஞ்செரிச்சலுக்கு மாத்திரையும் பல ஆண்டுகளாக உண்பவர்களுக்கு இன்னும் குறையும். ஆசாரமாகச் சைவம் காக்கும் பெரியோர் மருத்துவரைக் கேட்டு இரத்தத்தில் பி12 அளவைப் பார்த்துக்கொள்வது நல்லது. குறைவு இருந்தால் ஊசியோ மாத்திரையோ போதும். குறைவு இல்லாதவர் அதை விழுங்குவதால் நினைவு கூடப்போவதில்லை.

தைராய்டு குறைவு, மனச்சோர்வு, தூக்க மாத்திரை, சளிக்கும் அரிப்புக்கும் உண்ணும் சில மாத்திரைகள் ஆகியவையும் மறதியாக வெளிப்படும். குளியலறையில் இலேசாக வழுக்கித் தலை இடித்தவருக்குச் சில வாரங்கள் கழித்து மூளையின் மேற்புறம் இரத்தம் கட்டிக் குழப்பம் வருவதுண்டு. அதை அறுவை மருத்துவத்தால் நீக்கலாம். ஓரிரு நாளில் திடீரென ஒருவர் பிதற்றத் தொடங்கினால் அது முதுமை மறதியன்று. சிறுநீர்த் தொற்றோ, உடலில் உப்புச்சத்துக் குறைவோ இருக்கலாம். அன்றே மருத்துவமனைக்குச் செல்லவேண்டும். ஏகாதசி உபவாசம் இருந்துகொண்டே சர்க்கரை மாத்திரையை வழக்கம்போல் விழுங்குவதும் இத்தகைய குழப்பத்தில் கொண்டுவிடும். விரதத்தை மருத்துவரிடம் முன்கூட்டியே சொல்லி மாத்திரையின் அளவை மாற்றிக்கொள்ளுங்கள்.

உண்மையான அல்சைமர் நோயை முற்றும் குணப்படுத்தும் மருந்து இன்னும் இல்லை. டொனெபெசில், ரிவாஸ்டிக்மின், மெமண்டைன் போன்றவை அறிகுறிகளைச் சிறிது காலம் தணிக்கும். அமிலாய்டு படிவுகளை நீக்கும் லெகனெமாப் என்னும் மருந்துக்கு அமெரிக்கா 2023-இல் முழு ஒப்புதல் அளித்தது. தொடக்க நிலையினரிடம் 18 மாதங்களில் நோயின் வேகத்தை 27 விழுக்காடு குறைத்தது. ஆயினும் மூளையில் வீக்கமும் இரத்தக் கசிவும் உண்டாகும் அபாயம் அதில் உண்டு. வல்லாரை பற்றிக் கேட்பவர் பலர். துவையலாக உண்ணுங்கள், சுவையானது; அல்சைமரை நிறுத்தும் என்பதற்குச் சான்றில்லை. மேலைநாட்டார் அவ்வாறே நம்பிய கிங்கோ இலைச் சாற்றை 75 வயது கடந்த மூவாயிரம் பேரிடம் ஆண்டுக்கணக்கில் சோதித்து, பயனில்லை என்று 2008-இல் அறிவித்தார்கள்.

எனினும் நாம் கையைக் கட்டிக்கொண்டு இருக்கவேண்டியதில்லை. லான்செட் ஆய்விதழ் அமைத்த வல்லுநர் குழு 2024-இல் வெளியிட்ட அறிக்கை, மாற்றக்கூடிய பதினான்கு காரணங்களைச் சொல்கிறது. அவை அனைத்தையும் நீக்க முடிந்தால் உலகில் 45 விழுக்காடு அளவுக்கு இந்நோயைத் தவிர்க்கவோ தள்ளிப்போடவோ இயலும் என்பது அக்குழுவின் மதிப்பீடு. இரத்த அழுத்தம், சர்க்கரை, கொழுப்பு, புகை, மது, உடலுழைப்பின்மை ஆகியவை அப்பட்டியலில் இருப்பது வியப்பன்று. பலர் எதிர்பாராதவை செவிக்குறைவு, பார்வைக்குறைவு, தனிமை ஆகிய மூன்றும்.

காது கேளாதவர் மெல்ல மெல்ல உரையாடலிலிருந்து ஒதுங்குகிறார். உபந்நியாசத்துக்குச் சென்றாலும் பாதி புரியாமல், பிறகு செல்வதையே நிறுத்திவிடுகிறார். மூளைக்கு வேலை குறைகிறது. 2023-இல் வெளியான ஓர் அமெரிக்க ஆய்வில் 70 முதல் 84 வயதுக்குட்பட்டோருக்குச் செவிக்கருவி தந்து மூன்று ஆண்டுகள் கவனித்தார்கள். எல்லோரையும் சேர்த்துப் பார்க்கையில் பெரிய வேறுபாடு இல்லை. ஆனால் ஏற்கெனவே நோய் வாய்ப்பு மிகுந்திருந்தவர்களிடம் அறிவுத்திறன் குன்றும் வேகம் ஏறக்குறைய பாதியாகக் குறைந்தது. கண்ணாடி அணிய வெட்கப்படாத நாம் செவிக்கருவிக்கு மட்டும் ஏன் வெட்கப்படுகிறோம் என்பது எமக்கு விளங்கவில்லை. கண்புரையையும் காலத்தில் அகற்றிக்கொள்ளுங்கள்.

கோயிலுக்கு நடந்து செல்வதும் பிராகாரம் வலம் வருவதும் நல்ல உடற்பயிற்சியே. சிறிது மூச்சு வாங்கும் வேகத்தில் நாள்தோறும் அரைமணி நேரம் இருந்தால் போதும். பாராயணம் பற்றி ஒரு சொல். அறுபது ஆண்டுகளாகச் சொல்லிவரும் கவசமும் சகஸ்ரநாமமும் நாவில் தாமே ஓடும். மனத்துக்கு அமைதி தரும். மூளைக்கு அது பழகிய பாதை. இதுவரை அறியாத ஒரு பதிகத்தையோ பாசுரத்தையோ புதிதாக மனனம் செய்வதே மூளைக்கு உழைப்பு. பேரக்குழந்தையுடன் சேர்ந்து கற்றால் இன்னும் நன்று. பின்லாந்தில் 60 முதல் 77 வயது வரையுள்ள 1,260 பேரிடம் இரண்டு ஆண்டுகள் நடத்திய சோதனையில், நல்லுணவு, உடற்பயிற்சி, மூளைப் பயிற்சி, இரத்த அழுத்தக் கண்காணிப்பு ஆகிய நான்கும் ஒருங்கே கிடைத்தவர்களின் அறிவுத்திறன் மற்றவர்களைவிட மேம்பட்டிருந்தது. ஒன்றை மட்டும் பிடித்துக்கொள்வதால் அத்தனை பயனில்லை போலும்.

நோய் வந்துவிட்ட இல்லத்தார்க்குச் சில குறிப்புகள். பூஜையறையில் நெய்விளக்கை அவர் தனியே ஏற்றவிட வேண்டாம். புடவைத் தலைப்பில் தீப்பற்றும் ஆபத்து உண்டு. பூத்தொடுப்பதும் சந்தனம் அரைப்பதும் அவர் கைக்கே இருக்கட்டும். வைகுண்ட ஏகாதசி, பௌர்ணமி கிரிவலம் போன்ற பெருங்கூட்டங்களைத் தவிர்த்து, நடை திறந்தவுடன் கூட்டமில்லாத வேளையில் அழைத்துச் செல்லுங்கள். பெயரும் மகனுடைய கைப்பேசி எண்ணும் எழுதிய அட்டையை எப்போதும் அவர் உடையில் தைத்துவையுங்கள். வங்கி, நிலம், உயில் தொடர்பானவற்றை நோயின் தொடக்கத்திலேயே, அவருக்குப் புரியும்போதே, வழக்கறிஞர் முன் முடித்துக்கொள்ளவேண்டும். பிந்திப் பெற்ற கையெழுத்து வழக்கில்தான் முடியும். பேரனின் பெயரை மறந்தவரும் பழைய பஜனைப் பாடலுக்குத் தாளம் போடுவதைக் காணலாம். இசையின் நினைவு மற்றவற்றைவிட நெடுநாள் தங்குகிறது. ஆகவே குளிக்க மறுக்கும் நேரத்தில் ஒரு பாடலைத் தொடங்கிப் பாருங்கள்.

பார்த்துக்கொள்பவரைப் பார்ப்பதற்கும் ஒருவர் வேண்டும். பெரும்பாலும் ஒரே மருமகளோ, மணமாகாத ஒரே மகளோ இப்பாரத்தைச் சுமக்கிறார். வெளியூர் மகன் மாதந்தோறும் பணம் அனுப்புவதோடு, ஆண்டுக்குப் பதினைந்து நாள் வந்து தாமே கவனித்துக்கொண்டு, சகோதரியைத் தலயாத்திரைக்கு அனுப்பிவைக்கலாம். முதியோருக்கான அரசின் இலவச உதவி எண் 14567; மன உளைச்சலுக்கு ஆலோசனை பெற 14416. கேரளத்தில் 1992-இல் தொடங்கிய அல்சைமர் சங்கமும், சென்னையில் ஸ்கார்ஃப் நிறுவனமும் குடும்பத்தாருக்கு வழிகாட்டுகின்றன.

செவிக்கருவியைத் தேர்ந்தெடுப்பது எப்படி, பழகுவது எப்படி என்பதை அடுத்த இதழில் காண்போம்.