முப்பத்தேழு வயதில் அம்மா

'சர்வர் சுந்தரம்' 1964 டிசம்பரில் வெளிவந்தது. சுந்தரமாக நடித்த நாகேஷுக்கு அப்போது 31 வயது. நாயகி கே.ஆர்.விஜயாவுக்கு 16. சுந்தரத்தின் அம்மாவாக நடித்த எஸ்.என்.லட்சுமி 1927இல் பிறந்தவர். கணக்குப் போட்டால் 37. மகனைவிட ஆறு வயது மூத்த தாய், மகனில் பாதி வயதுள்ள காதலி! படத்தைப் பலமுறை பார்த்தவர்கள்கூட இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்திருக்க மாட்டார்கள். போடத் தோன்றாதபடி நம் கண்ணைப் பழக்கி வைத்திருக்கிறார்கள்.

லட்சுமி விருதுநகர்ப் பக்கத்துச் சென்னல்குடியைச் சேர்ந்தவர். நாடக மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்தவர். கடைசிவரை திருமணம் செய்துகொள்ளாதவர். 2012 பிப்ரவரியில் அவர் இறந்தபோது பத்திரிகைகள் எழுதியது 'பழம்பெரும் குணச்சித்திர நடிகை' என்று. இந்தக் 'குணச்சித்திரம்' என்ற சொல்லின் மீது எனக்கு நெடுநாள் கோபம். ஆணுக்கு அது வில்லன், வக்கீல், பண்ணையார், போலீஸ், குடிகாரன், அரசியல்வாதி. பெண்ணுக்கு அது அம்மா. கொஞ்சம் நரைத்தால் பாட்டி. இதில் எங்கே இருக்கிறது குணம், எங்கே சித்திரம்?

அந்த அம்மாவுக்கும் பாட்டிக்கும் கதையில் என்ன வேலை என்று பாருங்கள். 'சர்வர் சுந்தர'த்தில் மகன் பெரிய நடிகனாகிறான். அவன் படப்பிடிப்பில் இருக்கும்போது அம்மா செத்துப்போகிறாள். 'மகாநதி'யில் மருமகன் சிறையில் இருக்கும்போது மாமியார் சாகிறாள். 'விருமாண்டி'யில் பாட்டி செத்த பிறகுதான் பேரன் மனிதனாகத் தொடங்குகிறான். நாற்பது வருட இடைவெளியில் மூன்று படங்கள், மூன்று சாவுகள். நாயகன் அழ வேண்டும், திருந்த வேண்டும், அவன் வலி நமக்குப் புரிய வேண்டும். அதற்கு ஒரு கிழவியின் பிணம் தேவைப்படுகிறது. அந்தக் கிழவி அதுவரை என்ன நினைத்தாள், யார்மீது ஆசைப்பட்டாள், எதற்குப் பயந்தாள் என்று எந்தத் திரைக்கதையும் கேட்டதில்லை.

'தாய்மையைத் திரையில் வாழ்ந்து காட்டியவர்' என்று புகழ்வார்கள். பிள்ளை பெறாமல், கல்யாணம் கட்டாமல், தன் சம்பாத்தியத்தில் வாழ்ந்த ஒரு பெண்ணைப் பற்றி இதைச் சொல்கிறோம் என்ற கூச்சம்கூட இல்லை. அவர் செய்தது தொழில். நாடகத்தில் குரலைப் பழக்கி, உடம்பைப் பழக்கி, முப்பதுகளிலேயே முதுமையின் நடையைக் கற்றுக்கொண்ட கடும் உழைப்பு. ஆண் நடித்தால் அதற்குப் பெயர் திறமை. பெண் அம்மாவாக நடித்தால் அது இயல்பாகச் சுரந்ததாம்!

அவருக்கு வாய்ப்பே தரப்படவில்லையா என்று கேட்பீர்கள். நிறையப் படங்கள், பிறகு தொலைக்காட்சித் தொடர்கள், கலைமாமணி விருது எல்லாம் இருந்தன. நான் எண்ணிக்கையைப் பேசவில்லை. இத்தனை படங்களில் அவருக்கென்று ஒரு ஆசை எழுதப்பட்ட பாத்திரம் எத்தனை என்றுதான் கேட்கிறேன்.

எனக்கு நினைவு வருவது ஒன்று. 1990இல் வந்த 'மைக்கேல் மதன காமராஜன்'. ஊர்வசியின் திருட்டுப் பாட்டி. அவள் தியாகம் செய்வதில்லை, யாருக்காகவும் சாவதில்லை, அறிவுரை சொல்வதில்லை. கையில் அகப்பட்டதைச் சுருட்டுகிறாள். பேத்தி வெட்கத்தில் குறுகிப்போக, பாட்டி சற்றும் அசருவதில்லை. இத்தனை காலம் ஈரமாகவே பார்த்த அந்தக் கண்களில் அப்படி ஒரு கள்ளத்தனம். நகைச்சுவைப் படம் என்பதால் தப்பித்தாள். கதை கனமாகியிருந்தால் அவளையும் இரண்டாம் பாதியில் கொன்றிருப்பார்கள்.

அவருக்கு அப்போது 63 வயது. ஒருவழியாகத் திரையில் தன் வயதுக்கு வந்து சேர்ந்திருந்தார்.