கொத்தனாருக்கு இடமில்லை

லெஸ்லி பால்ஃபோர்-மெல்வில் (1854–1937) பற்றி யார் எழுதினாலும் முதலில் ஒரு பட்டியல் போடுவார்கள். ஸ்காட்லாந்து கிரிக்கெட் அணியின் மட்டையாளர், விக்கெட் கீப்பர். 1882இல் ஆஸ்திரேலியாவைத் தோற்கடித்த அணியில் ஆடியவர். பதினேழு வயதில் இங்கிலாந்துக்கு எதிராக ரக்பி. 1879இல் ஸ்காட்லாந்து டென்னிஸ் சாம்பியன். 1895இல் அமெச்சூர் கோல்ஃப் பட்டம். பில்லியர்ட்ஸ் வேறு. அப்புறம் நிர்வாகம்: ரக்பி சங்கத் தலைவர், கிரிக்கெட் சங்கத் தலைவர், செயின்ட் ஆண்ட்ரூஸின் ராயல் அண்ட் ஏன்ஷியன்ட் கிளப் கேப்டன். படித்து முடித்ததும் ஒரு பெருமூச்சு வரும். காசுக்காக இல்லாமல், விளையாட்டை நேசித்து ஆடிய தலைமுறை, அந்தக் காலத்து மனுஷங்களே வேற!

எனக்கு அந்தப் பெருமூச்சோடுதான் சண்டை.

சும்மா சொல்லக்கூடாது, பால்ஃபோர்-மெல்வில் அபாரமான ஆட்டக்காரர். ஆனால் அந்தப் பட்டியலில் திறமை எவ்வளவு இருக்கிறதோ அவ்வளவு ஓய்வு நேரமும் இருக்கிறது. எடின்பரோ அகாடமியில் படித்த வசதியான வீட்டுப் பையனுக்கு வாரநாள் மதியம் மைதானத்தில் நின்றால் அடுப்பு அணையாது. அந்த வசதிக்குப் பெயர் நேசம். கூலியை விட்டுவிட்டு ஆட வருகிறவன் அந்த இழப்பைக் கேட்டால் மட்டும் அது பேராசையா?

டக்ளஸ் ரோலண்டை எடுத்துக்கொள்ளுங்கள். ஸ்காட்லாந்தின் ஈலி ஊர்க்காரர், கொத்தனார். 1884 ஓப்பன் கோல்ஃபில் இரண்டாம் இடம் பிடித்துப் பரிசுப்பணம் வாங்கினார். அடுத்த வருஷம் ஹாய்லேக்கில் முதன்முதலாக நடந்த அமெச்சூர் போட்டிக்கு விண்ணப்பித்தபோது, பணம் வாங்கியவர் என்று சொல்லிச் சேர்க்கவில்லை. நியாயம்தானே என்று தோன்றும். ஆனால் ஹாய்லேக்கின் செல்லப்பிள்ளை ஜான் பாலும், ஓட்டல்காரர் மகன், 1878 ஓப்பனில் சிறுவனாக ஆடியபோது பரிசுப்பணம் வாங்கியவர்தான். அது பழைய கதை என்று அவரை விட்டுவிட்டார்கள். ரோலண்டோ அதற்கு முன்பே பாலைத் தனி ஆட்டத்தில் அடித்து நொறுக்கியவர்!

பத்து வருஷம் கழித்து, 1895இல், செயின்ட் ஆண்ட்ரூஸ் இறுதி ஆட்டத்தில் பால்ஃபோர்-மெல்வில் வென்றது இதே ஜான் பாலைத்தான். பத்தொன்பதாவது குழி வரை போன ஆட்டம். பாலின் பந்து ஸ்வில்கன் ஓடையில் விழுந்தது. அழகான வெற்றி, மறுக்கவில்லை. ஆனால் வாசலிலேயே யார் நிறுத்தப்பட்டார் என்பதையும் சேர்த்துத்தான் அதைப் படிக்க வேண்டும்.

அதே 1895 ஆகஸ்டில், ஹடர்ஸ்ஃபீல்டில் கூடிய வட இங்கிலாந்து கிளப்புகள் ரக்பி யூனியனை விட்டு வெளியேறின. சுரங்கத்திலும் ஆலையிலும் வேலை செய்த ஆட்டக்காரர்கள், ஆட வந்ததால் போன கூலியை ஈடுகட்டச் சொன்னார்கள். யூனியன் முடியாது என்றது. பால்ஃபோர்-மெல்வில் ஒரு காலத்தில் தலைமை வகித்த ஸ்காட்லாந்து சங்கம் இன்னும் கறார். வேல்ஸ் வீரர் ஆர்தர் கூல்டுக்கு ரசிகர்கள் சேர்ந்து வீடு வாங்கிக் கொடுத்ததற்காக வேல்ஸோடு ஆடவே மறுத்தது. வீடு இல்லாதவனுக்கு வீடு கிடைத்தால் விளையாட்டு கெட்டுப்போகும்; வீடு உள்ளவன் ஆடினால் கெடாது. ரக்பி யூனியனில் ஆடுகிறவனுக்கு வெளிப்படையாகச் சம்பளம் கொடுக்க 1995 வரை ஆனது.

இதற்கெல்லாம் பால்ஃபோர்-மெல்வில்லைக் கூண்டில் ஏற்றவில்லை. விதிகளை அவர் ஒருவரே எழுதவில்லை. ஆனால் யார் அமெச்சூர், யார் இல்லை என்று தீர்மானித்த மேசைகளின் தலைமாட்டில் இருந்தவர்கள் அவரைப் போன்றவர்கள். கொத்தனார் எவரும் அங்கே இல்லை.

ரோலண்ட் தொழில்முறை ஆட்டக்காரராகவே காலம் தள்ளினார். 1894இல் சாண்ட்விச்சில் நடந்த ஓப்பனில் மறுபடியும் இரண்டாம் இடம். அவருக்கு யாரும் பட்டியல் போடுவதில்லை.